ஷஹாப் ஹொசைனியின் நடிப்பை எந்த வரிசையில் பார்ப்பது?

ஈரானிய நடிகர் ஷஹாப் ஹொசைனியைத் தேடிப் போனால் முதலில் கையில் கிடைப்பது, 2016இல் கான் திரைப்பட விழாவில் அவருக்குச் சிறந்த நடிகர் விருது வாங்கித் தந்த ‘தி சேல்ஸ்மேன்’. அதைக் கடைசிக்குத் தள்ளிவையுங்கள். இயக்குநர் அஸ்கர் ஃபர்ஹாதியிடம் அவர் நடித்த மூன்று படங்களையும் வெளிவந்த வரிசையில் பார்த்தால்தான் அந்த விருதின் அருமை புரியும்.

‘அபௌட் எல்லி’ (2009) முதலில். ஜெர்மனியிலிருந்து விவாகரத்தோடு திரும்பிய அஹ்மதாக, நண்பர்கள் கூட்டத்தில் ஒருவராக வருவார். மற்றவர்கள் பேசும்போது அவர் முகத்தைக் கவனியுங்கள்.

அடுத்தது ‘எ செப்பரேஷன்’ (2011). இதை இரண்டு தடவை பார்த்தே ஆகவேண்டும். வேலை போய், கடன் கொடுத்தவர்கள் நெருக்கும் செருப்புத் தொழிலாளி ஹொஜ்ஜத் வேடம். இரண்டாம் தடவை விசாரணை அறைக் காட்சிகளைச் சத்தமில்லாமல் ஓடவிடுங்கள். எதிரே, ஹொஜ்ஜத்தின் மனைவி வேலை பார்த்த வீட்டுக்காரர் நாதர், சொல்லை அளந்து பேசுகிறார். ஹொஜ்ஜத்துக்கு அப்படிப் பேச வராது, உடம்புதான் முந்திக்கொள்கிறது. சப்டைட்டிலையே படித்துக்கொண்டிருந்தால் இதெல்லாம் கைநழுவிவிடும். பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த நடிகருக்கான வெள்ளிக் கரடி விருது இவர் ஒருவருக்கு மட்டுமல்ல, படத்தின் ஆண் நடிகர்கள் எல்லோருக்கும் சேர்த்தே தரப்பட்டது.

பிறகு ‘தி சேல்ஸ்மேன்’. ஆசிரியர் எமாத். ஷேர் டாக்சியில் பக்கத்துப் பெண் ஒருத்தி அவரைத் தவறாக நினைத்து இடம் மாறிக்கொள்கிறாள். அவர் கோபப்படுவதில்லை, அதைப் பார்த்த மாணவனிடமும் அவளுக்காகவே பரிந்து பேசுகிறார். அதே மனிதர் பின்னால் வகுப்பில் ஒரு பையனின் செல்போனைப் பிடுங்கித் துருவுவார். இரண்டு காட்சிகளையும் அடுத்தடுத்துப் போட்டுப் பாருங்கள். குரல் உயர்வதற்கு முன்பே கண் மாறிவிட்டிருக்கும்.

டப்பிங் வேண்டவே வேண்டாம். தொலைக்காட்சித் தொகுப்பாளராக இருந்து வந்தவர், குரல்தான் அவருடைய பெரிய பலம். பாரசீகத்தில் ‘ஷொமா’ என்றால் நீங்கள், ‘தொ’ என்றால் நீ. ஆங்கில சப்டைட்டிலில் இரண்டும் ஒன்றாகிவிடும். தமிழ்க் காதுக்கு இந்த வித்தியாசம் பழக்கமானது. எந்த இடத்தில் யார் எதைச் சொல்கிறார்கள் என்று கேட்டுக்கொண்டே வாருங்கள்.

படப் பட்டியல் தயாரிக்கும்போது ஆண்டு குழம்பும். ஈரானிய ஆண்டு மார்ச் 21 வாக்கில் பிறக்கிறது. நம் ஆங்கில ஆண்டு கிடைக்க, அதிலிருந்து டிசம்பர் முடியும்வரை ஈரானிய ஆண்டோடு 621 கூட்ட வேண்டும், ஜனவரி முதல் 622. ஈரானின் ஃபஜ்ர் திரைப்பட விழா பஹ்மன் மாதத்தில், அதாவது ஜனவரி கடைசி, பிப்ரவரி வாக்கில் நடப்பதால் அங்கே 621 கூட்டினால் ஓராண்டு பின்தங்கிவிடும். ‘எ செப்பரேஷன்’ அங்கே திரையிடப்பட்டது 1389 பஹ்மனில். 2010 என்று எழுதிவிடாதீர்கள், அது 2011 பிப்ரவரி.

மூன்றும் முடிந்தபின் ‘ஷஹர்சாத்’ தொடரில் இவர் செய்த கோபாத் பாத்திரத்துக்குப் போகலாம். மூன்று சீசன்கள் என்பதால் நிறைய நேரம் ஒதுக்கிக்கொள்ளுங்கள்.