அரை நாள் தீவுச் சுற்றுலா: முன்பதிவுக்கு முன் கேட்க வேண்டியவை

வழிகாட்டியுடன் அரை நாளில் ஒரு தீவைச் சுற்றிப் பார்க்க விரும்புவோர் காலைப் பயணத்தையே தேர்ந்தெடுப்பது நல்லது. வெயில் ஏற ஏற நிலம் கடலைவிட விரைவாகச் சூடாவதால், பிற்பகலில் கடற்காற்று வலுத்துப் படகின் ஆட்டமும் கூடிவிடும்.

முன்பதிவு செய்யும்போது எத்தனை இடங்கள் என்று கேட்பதைவிட, ஒவ்வோர் இடத்திலும் எத்தனை நிமிடம் நிற்பார்கள் என்று கேளுங்கள். 4 மணி நேரத்தில் 7 இடங்கள் என்றால், ஏறி இறங்குவதிலேயே பாதிப் பொழுது கரைந்துவிடும். மூன்றே இடங்களை நிதானமாகக் காட்டும் வழிகாட்டியைத்தான் நான் விரும்புவேன். கடற்குகையோ மணல்திட்டோ பட்டியலில் இருந்தால், அன்று கடல்நீர் ஏறி வற்றும் ஓத நேரத்தையும் விசாரியுங்கள். பெரும்பாலான கரைகளில் ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் இடையே சுமார் 6 மணி நேரமே இருப்பதால், காலையில் கணுக்காலளவு நீரில் நடந்து கடந்த திட்டு, நண்பகலுக்குள் இடுப்பளவு நீரில் மூழ்கியிருக்கக்கூடும்.

படகில் குமட்டல் வருமென்று அஞ்சுவோர், மருத்துவரைக் கேட்டு அதற்கான மாத்திரையைப் புறப்படுவதற்கு முன்பே போட்டுக்கொண்டு, ஆட்டம் குறைவான நடுப்பகுதியில் அமர்ந்து தொடுவானத்தைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். கைப்பேசித் திரையைக் குனிந்து பார்ப்பது குமட்டலை அதிகமாக்கும்.

கேமரா லென்ஸில் தெறித்த கடல்நீர் உலர்ந்து உப்புப் படிந்திருந்தால், உலர்ந்த துணியால் தேய்க்காதீர்கள். உப்புத் துகள்கள் லென்ஸின் மேற்பூச்சைக் கீறிவிடக்கூடும். நன்னீரில் நனைத்துப் பிழிந்த மென்துணியால் மெல்ல ஒற்றியெடுங்கள்.