அரிய மாஸ் தாவரங்களை அறியத் தொடங்குவது எப்படி? சென்னைச் சுவரிலிருந்து ஒரு செய்முறை விளக்கம்

வடகிழக்குப் பருவமழை தொடங்கிச் சில வாரங்களில் சென்னையின் பழைய மதில்களிலும், அடிபம்பு மேடைகளிலும், மொட்டைமாடியில் குழாய் ஒழுகும் மூலைகளிலும் பச்சை படர்ந்துவிடுகிறது. வழுக்கும் என்று பிளீச்சிங் பவுடர் தூவித் தேய்த்துக் கழுவிவிடும் அந்தப் பச்சையில் ஒரு பகுதி, தண்டும் இலையும் கொண்ட முழுமையான தாவரம். பள்ளிப் பாடத்தில் பிரையோஃபைட்டுகள் என்ற தலைப்பின் கீழ் ஃபியூனேரியா படம் வரைந்து பாகங்களைக் குறித்தவர்களுக்கு மாஸ் என்ற பெயர் நினைவிருக்கும்.

உலகில் சுமார் 12,000 மாஸ் இனங்கள் உள்ளன. அவற்றுள் மிக அரியவற்றைப் பற்றிப் படித்துவிட்டு, அவற்றை எங்கே போய்ப் பார்ப்பது என்று கேட்கும் ஆர்வலர்கள் உண்டு. வீட்டு மதிலில் வளரும் சாதாரண மாஸ் ஒன்று எதன் மேல், எந்த ஈரத்தில், எவ்வளவு வெளிச்சத்தில் வாழ்கிறது என்பதைப் படித்தறியாமல் அரிய இனம் ஏன் அரிதாயிற்று என்பது விளங்காது என்பதே என் கருத்து. ஆகவே இந்த விளக்கம் சென்னையின் சுவரில் தொடங்கி, இமயத்தின் உயரங்களில் வாழும் டகாக்கியா என்ற அரிய மாஸுக்குச் செல்கிறது.

படி 1: பருவமும் கருவிகளும்

அக்டோபர் இறுதி முதல் ஜனவரி வரை சென்னையில் பார்ப்பதற்கு உகந்த காலம். பத்து மடங்கு பெரிதாக்கும் கைலென்ஸ் ஒன்று வேண்டும்; நகைக்கடைகளில் கல்லைப் பார்க்கப் பயன்படுத்தும் மடக்கு லென்ஸே போதும். தண்ணீர் தெளிக்கும் சிறிய ஸ்பிரே பாட்டில், மழுங்கிய கத்தி, ஸ்கேல், பென்சில், குறிப்பேடு, தபால் உறை அளவுக்கு மடித்த சில காகிதங்கள் ஆகியவற்றையும் எடுத்துக்கொள்ளுங்கள். ஈரம் பட்டால் பேனா மை கலைந்துவிடும் என்பதால் பென்சிலால்தான் எழுத வேண்டும்.

படி 2: தேடும் இடம்

நண்பகல் வெயில் நேராக விழாத வடக்குப் பார்த்த சுவர்கள், சுண்ணாம்புக் காரை பூசிய பழைய செங்கல் மதில்கள், தண்ணீர்த் தொட்டியின் அடிப்பகுதி, பூந்தொட்டிகளின் வெளிப்புறம், மரங்களின் அடித்தண்டு ஆகிய இடங்களில் தொடங்கலாம். புதிய சிமெண்ட் பூச்சில் காரத்தன்மை மிகுதி; அது சில ஆண்டுகள் மழையில் நனைந்து தணிந்த பிறகே மாஸ் குடியேறும். அதனால்தான் மயிலாப்பூர், திருவல்லிக்கேணி போன்ற பழைய பகுதிகளின் மதில்களில் எளிதில் தென்படும் மாஸ், புதிதாக எழுந்த அடுக்குமாடிக் குடியிருப்புகளில் அவ்வளவாகத் தென்படுவதில்லை.

ஏ.சி. இயந்திரத்தின் குழாயிலிருந்து நீர் சொட்டும் இடத்தைத் தவறவிடாதீர்கள். இந்த நகரத்தில் மழையை நம்பாமல் மாஸ் வாழக்கூடிய இடங்களில் அது முக்கியமானது. இறுதிப் படியில் அதற்கே மீண்டும் வருவோம்.

படி 3: பார்ப்பது மாஸ்தானா என்று உறுதி செய்தல்

சுவரில் படரும் பச்சையெல்லாம் மாஸ் அல்ல. விரலால் தொட்டால் வழவழப்பாகவும், லென்ஸில் பார்த்தால் இலை எதுவும் இல்லாமல் வண்ணம் பூசியதுபோலவும் தெரிந்தால் அது ஆல்கா அல்லது நீலப்பசும்பாசி. ஈர மண்ணில் தட்டையாக, இரண்டிரண்டாகக் கிளைத்து வட்டமாகப் படிந்திருந்தால் ரிக்ஸியா போன்ற ஈரலுருத் தாவரமாக இருக்கலாம். சாம்பலாகவோ மஞ்சளாகவோ மரப்பட்டையில் ஒட்டிக்கொண்டிருக்கும் செதில் போன்றது லைக்கன். நிமிர்ந்தோ படர்ந்தோ உள்ள மெல்லிய தண்டைச் சுற்றிச் சிறு இலைகள் அடுக்கியிருப்பதைக் கண்டால் அதை மாஸ் என்று குறித்துக்கொண்டு அடுத்த படிக்குச் செல்லலாம்.

படி 4: லென்ஸின் கீழ் ஒரு செடி

முதல் பாடத்துக்கு ஹையோஃபிலா இன்வொலூட்டா என்ற இனத்தைப் பரிந்துரைக்கிறேன். செங்கல், காரை, கான்கிரீட் ஆகியவற்றின் மேல் இந்தியாவின் சமவெளிகளில் பரவலாக வளரும் இந்த மாஸின் உயரம் பெரும்பாலும் ஒரு சென்டிமீட்டரை ஒட்டியே இருக்கும்.

லென்ஸைக் கண்ணுக்கு மிக அருகில் அசையாமல் பிடித்துக்கொண்டு, முகத்தைச் சுவரை நோக்கி மெதுவாகக் கொண்டு செல்லுங்கள். ஓர் அங்குல இடைவெளியை நெருங்கும்போது காட்சி தெளிவாகும். மழை பெய்து ஒரு நாள் இடைவெளி விட்ட மதிலில் முதலில் தெரிவது, கரும்பச்சையும் பழுப்பும் கலந்து உலர்ந்து சுருண்ட முடிச்சுகளே. ஒவ்வோர் இலையும் இரு ஓரங்களையும் உள்நோக்கிச் சுருட்டிக்கொண்டு, வெற்றிலையை மடித்தாற்போல் தண்டோடு நெருங்கி நிற்கும். இப்போது ஸ்பிரே பாட்டிலால் ஒருமுறை மட்டும் தெளித்துவிட்டு, லென்ஸை எடுக்காமல் பாருங்கள். சில நொடிகளில் ஓரங்கள் பிரியத் தொடங்கி, இலைகள் வெளிப்புறமாகச் சாய்ந்து, நாக்கு வடிவில் விரிந்து, ஒவ்வொரு செடியும் தெளிந்த பச்சை நிறத்தில் சிறு விண்மீனாகத் தெரியும். இலையின் நடுவே அடியிலிருந்து நுனிவரை ஓடும் தடித்த நரம்பும், நுனியை ஒட்டிய ஓரத்தில் உள்ள சிறு பற்களும் அப்போதுதான் புலப்படும்.

இந்த விரிதலுக்கு உயிரியல் காரணம் உண்டு. மாஸுக்கு உண்மையான வேர் கிடையாது. சுவரைப் பற்றிக்கொள்ள வேரிகள் என்னும் மெல்லிய இழைகள் மட்டுமே உள்ளன. வேம்புக்கும் அரசுக்கும் உள்ள கடத்துத் திசுக்கள் இல்லாததால், நரம்பைத் தவிர்த்த பகுதியில் பெரும்பாலும் ஒரே செல் தடிமன் கொண்ட அந்த இலை, தன் முழுப் பரப்பாலும் நேரடியாக நீரை உறிஞ்சுகிறது. நீரைத் தேக்கிவைக்க வழியில்லாததால் சுற்றுப்புறம் உலரும்போது செடியும் உலர்ந்து செயல்பாட்டை நிறுத்திக்கொள்கிறது. நனைந்ததும் மீண்டும் ஒளிச்சேர்க்கையைத் தொடங்குகிறது. ஆகவே ஒரு மாஸின் வாழ்நாள் கணக்கு என்பது அது நனைந்திருக்கும் நேரத்தின் கணக்கு. எந்த இடத்தில் எவ்வளவு நேரம் ஈரம் நிற்கிறது என்பதே எந்த இனம் அங்கே பிழைக்கும் என்பதைப் பெரிதும் முடிவு செய்கிறது.

படி 5: வாழ்க்கைச் சுழற்சியைக் களத்தில் அடையாளம் காணுதல்

நாம் காணும் பச்சைச் செடி கேமீட்டகத் தாவரம். அதன் செல்களில் ஒற்றைத் தொகுதி குரோமோசோம்களே உள்ளன. அதன் மேல் மெல்லிய காம்பும் உச்சியில் சிறு குப்பி போன்ற உறையும் நீண்டு நின்றால் அது வித்தகத் தாவரம். அது தாய்ச் செடியைச் சார்ந்தே வாழ்ந்து, ஸ்போர்களை முதிரச் செய்து காற்றில் விடுகிறது. ஸ்போர் முளைத்தால் முதலில் பச்சை இழைகளாகிய புரோட்டோநீமா தோன்றும். அதன் மொட்டுகளிலிருந்து புதிய செடிகள் எழும்.

ஆண் உறுப்பிலிருந்து வெளிப்படும் விந்தணு பெண் உறுப்பை அடைய, இடையில் நீர்ப்படலம் இருக்க வேண்டும். நுண்ணிய துள்ளுபூச்சிகளும் சிலந்திப்பேன்களும் மாஸின் விந்தணுக்களைச் சுமந்து செல்லக்கூடும் என்று 2006இல் சுவீடன் ஆய்வாளர்கள் சோதனை மூலம் காட்டினார்கள். எனினும் ஈரம் இல்லாத இடத்தில் கருவுறுதல் நிகழ்வது கடினம். ஹையோஃபிலாவில் ஸ்போர் உறைகள் அடிக்கடி தென்படாததை நீங்களே கவனிப்பீர்கள். அது இலைக்கக்கங்களில் தோன்றும் ஜெம்மாக்கள் என்னும் நுண்ணிய உடல் துணுக்குகள் மூலம் பரவுகிறது. மழைத்துளி தெறித்து அவற்றை அடுத்த செங்கலுக்குக் கொண்டு சேர்த்தாலே போதும். உறை இருக்கிறதா இல்லையா என்பதைக் குறிப்பேட்டில் தவறாமல் எழுதுங்கள். அரிய இனங்களைப் பற்றிப் பேசும்போது இந்த ஒரு வரி பெரும் பொருள் கொண்டதாகிவிடும்.

படி 6: பெயருக்கு முன் வாழிடக் குறிப்பு

தொடக்கநிலையில் பலரும் செல்பேசியில் படம் எடுத்து உடனே பெயரைத் தேடுகிறார்கள். பல மாஸ் இனங்களை நுண்ணோக்கியில் இலைச் செல்களைப் பார்க்காமல் உறுதியாகப் பெயரிட முடியாது. பெயர் பிறகு வரட்டும். இடத்தை அன்றே எழுதாவிட்டால் பின்னர் அதை மீட்க வழியில்லை. குறிப்பு ஏறத்தாழ இவ்வாறு அமையலாம்:

டிசம்பர் 2, காலை. மயிலாப்பூர், வீட்டு மதில், வடக்கு முகம். தரையிலிருந்து 40 செ.மீ. உயரம். செங்கல், சுண்ணாம்புக் காரை. மாஸ் காரையில் மட்டும், செங்கலில் இல்லை. திட்டின் அகலம் 12 செ.மீ. நேரடி வெயில் இல்லை. மழைநீர் வடிகுழாய்க்கு வலப்பக்கம். உறை இல்லை. அருகில் ஆல்கா, சிறு நத்தைகள்.

மாஸ் காரையில் மட்டும் உள்ளது என்ற செய்திதான் இக்குறிப்பின் உயிர். உதிர்ந்து கிடக்கும் காரைத் துண்டில் இரண்டு சொட்டு வினிகர் விட்டு, நுரைக்கிறதா என்று பார்த்தால் சுண்ணாம்பு இருப்பது உறுதியாகும். சோதனையைச் சுவரின் மேல் செய்ய வேண்டாம்.

படி 7: மாதிரி எடுப்பதும் எடுக்காமல் விடுவதும்

சொந்த மதிலில், பரந்த திட்டிலிருந்து கட்டைவிரல் நக அளவுக்குச் சுரண்டி எடுத்தால் போதும். அதைக் காகித உறையில் வைத்து நிழலில் உலர்த்தி, படி 6இன் குறிப்பை உறையின் மேல் எழுதுங்கள். பிளாஸ்டிக் பையில் வைத்தால் பூஞ்சை பிடிக்கும். உலர்ந்த மாதிரியைப் பல ஆண்டுகளுக்குப் பின் நனைத்தாலும் இலைகள் பழைய வடிவுக்கு விரியும். உயிர் மீளாவிட்டாலும் வடிவம் மீள்வதால் ஆய்வு தொடர முடிகிறது. கொடைக்கானலை அடுத்த செண்பகனூரில் பணியாற்றிய இயேசு சபைத் துறவி ஜார்ஜ் ஃபொரோ பழனி மலையில் சேகரித்து, 1961இல் வெளியிட்ட மாஸ் பட்டியலை இன்றும் ஆய்வாளர்கள் நாடுவதற்கு அத்தகைய மாதிரிகளே அடிப்படை.

கிண்டி தேசியப் பூங்காவுக்குள் கண்ணால் பார்ப்பதோடும் படம் எடுப்பதோடும் நிறுத்திக்கொள்ளுங்கள். 1972ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின்படி அனுமதியின்றி அங்கே தாவரம் எதையும் எடுக்கக் கூடாது. கோயில் குளப் படிக்கட்டுகளையும் சுரண்ட வேண்டாம். உள்ளங்கைக்கும் குறைவான திட்டு எங்கே இருந்தாலும், அது யாருடைய இடமானாலும், தொடாமல் விடுவதே முறை.

படி 8: அரிது என்பதைப் பிரித்துப் பார்த்தல்

அமெரிக்கச் சூழலியலாளர் டெபோரா ரபினோவிட்ஸ் 1981இல் அரிய தாவரங்களைப் பற்றி மூன்று கேள்விகளை முன்வைத்தார்: பரவியுள்ள நிலப்பரப்பு பெரிதா சிறிதா, வாழிடம் பலவகையா ஒரே வகையா, இருக்கும் இடத்தில் எண்ணிக்கை மிகுதியா குறைவா. ஹையோஃபிலாவுக்கு இந்தக் கேள்விகளைக் கேட்டுப் பழகிய பின்னர்தான் பின்வரும் எடுத்துக்காட்டுகள் கைகொடுக்கும்.

பக்ஸ்பௌமியா விரிடிஸ் ஐரோப்பாவில் சட்டப் பாதுகாப்புப் பெற்ற மாஸ். பட்டை உரிந்து மக்கிய மரக்கட்டையில் வளரும் அதன் கேமீட்டகத் தாவரம் கண்ணுக்குத் தெரியாத அளவு சிறியது; தடித்த ஸ்போர் உறை எழும்போதுதான் அது இருப்பதே தெரியும். விழுந்த மரத்தை அகற்றிக் காட்டைச் சுத்தம் செய்தால் அதன் வீடு போய்விடும். ஸ்கோப்பெலோஃபிலா கேட்டராக்டே என்ற மாஸ் செம்பு மிகுந்த மண்ணை நாடுகிறது. ஜப்பானில் செம்புக் கூரை வேய்ந்த கோயில்களின் இறவாரத்தடியில், கூரையிலிருந்து மழைநீர் வடிந்து விழும் தரையில் அது வளர்கிறது. ஸ்பிளாக்னம் இனங்கள் விலங்குகளின் சாணத்தில் வளர்ந்து, ஈக்களைக் கவர்ந்து அவற்றின் மூலம் ஸ்போர்களை அடுத்த சாணத்துக்கு அனுப்புகின்றன.

டகாக்கியாவின் நிலை இவற்றினும் வேறு. இந்தப் பேரினத்தில் இரண்டே இனங்கள் உள்ளன. அவற்றுள் ஒன்று 19ஆம் நூற்றாண்டிலேயே சிக்கிம் இமயத்திலிருந்து விவரிக்கப்பட்டபோதும், ஈரலுருத் தாவரம் என்றே கருதப்பட்டது. ஜப்பானில் நோரிவோ டகாக்கி கண்டெடுத்த செடியைக் கொண்டு 1958இல் இப்பேரினம் அவர் பெயரால் நிறுவப்பட்டது. இலை இருக்க வேண்டிய இடத்தில் விரல்கள் போன்ற பிளவுகள் இருந்ததும், வித்தகத் தாவரம் எவருக்கும் கிடைக்காததும் குழப்பத்தை நீட்டித்தன. அலூஷியன் தீவுகளில் ஸ்போர் உறையோடு கூடிய செடிகள் கண்டறியப்பட்டு, 1993இல் அச்செய்தி வெளியான பிறகே அது மாஸ் என்பது உறுதியானது. அந்த உறை சுருள் வடிவில் ஒரே பிளவாகத் திறக்கிறது. படி 5இல் உறை உண்டா இல்லையா என்று எழுதச் சொன்னதன் காரணம் இப்போது விளங்கும்.

டகாக்கியா லெபிடோசியாய்டிஸ் இனத்தில் ஒற்றைத் தொகுதிக்கு 4 குரோமோசோம்களே உள்ளன. திபெத்தில் 4,000 மீட்டருக்கும் மேலே, ஆண்டின் பெரும்பகுதி பனியால் மூடப்பட்டு, எஞ்சிய மாதங்களில் கடும் புற ஊதாக் கதிரை எதிர்கொள்ளும் பாறைச் சரிவுகளில் அது வாழ்கிறது. சுமார் 39 கோடி ஆண்டுகளுக்கு முன்பே மற்ற மாஸ்களிலிருந்து பிரிந்த கிளை அது என்றும், ஆய்வு செய்த திபெத்தியத் தளங்களில் அதன் பரப்பு ஆண்டுக்குச் சுமார் 1.6 சதவீதம் குறைந்து வருகிறது என்றும் 2023இல் வெளியான ஆய்வு தெரிவித்தது. வெப்பம் உயர உயர மேலே ஏறிச் செல்லலாம். ஆனால் மலைக்கு ஓர் உச்சி உண்டு, அதற்கு மேல் இடமில்லை. இவ்வளவு நீண்ட காலம் பிழைத்து வந்த ஒரு செடி நம் தலைமுறையில் அருகி வருவதை நான் வெறும் தகவலாகக் கருத இயலாது.

இத்தகைய அளவீடு சாத்தியமானது, குறித்த தளங்களுக்கு ஆண்டுதோறும் திரும்பிச் சென்று ஒரே முறையில் பரப்பைப் பதிவு செய்ததனால்தான். பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியத்தின் சிவப்புப் பட்டியலில் மாஸ்களில் சிறு பகுதியே இதுவரை மதிப்பிடப்பட்டுள்ளது. எஞ்சியவற்றுள் எது பெருகுகிறது, எது அழிகிறது என்று சொல்லத் தேவையான பதிவுகள் பல இடங்களில் எடுக்கப்படவே இல்லை.

படி 9: கோடையில் மீண்டும் செல்லுதல்

டிசம்பரில் குறித்த திட்டுகளுள் இரண்டைத் தேர்ந்தெடுங்கள்: ஒன்று மழையை மட்டும் நம்பியிருப்பது, மற்றொன்று ஏ.சி. நீர் சொட்டும் இடத்தில் உள்ளது. கத்திரி வெயில் காலத்தில், அதாவது மே மாதத்தில், இரண்டையும் ஒரே நாளில் பாருங்கள். ஸ்கேலை அருகில் வைத்து, டிசம்பரில் எடுத்த அதே கோணத்தில் படம் எடுத்து, அகலத்தை அளந்து எழுதுங்கள். முதல் திட்டு பழுப்பாகச் சுருண்டிருக்கலாம். அதன் ஓர் ஓரத்தில் மட்டும் தண்ணீர் தெளித்து, இலைகள் விரிய எவ்வளவு நேரம் ஆகிறது என்பதைக் கடிகாரத்தில் குறித்துக்கொள்ளுங்கள். கடும் வெயிலில் நனைத்து உடனே காயவிடுவது செடிக்குத் தீங்கு என்பதால், இந்தச் சோதனையை மாலை 6 மணிக்குப் பிறகே செய்ய வேண்டும். இரண்டாவது திட்டில் ஆல்கா பெருகி மாஸை மூடியிருக்கிறதா, வேறு இனம் புதிதாக நுழைந்திருக்கிறதா, உறைகள் தோன்றியிருக்கின்றனவா என்று பார்த்து, டிசம்பர் குறிப்புக்கு நேர் எதிரே உள்ள பக்கத்தில் எழுதுங்கள். அடுத்த ஆண்டுக்கான குறிப்புகளுக்கு அதே பக்கத்தின் கீழே இடம் விட்டுவையுங்கள்.