சுவாமிமலைக்கு ஒரு நாள்: காலையில் படி, பகலில் பட்டறை

கும்பகோணத்துக்கு வருகிறவர்கள் பெரும்பாலும் கையில் ஒரு பட்டியலோடுதான் இறங்குகிறார்கள். நவக்கிரகக் கோயில்கள் ஒன்பது, வழியில் தாராசுரம், பட்டீஸ்வரம், கடைசியாகச் சுவாமிமலை. விடிகாலையில் வேன் ஏறினால் ராத்திரிக்குள் எல்லாம் முடிந்துவிடும் என்பது கணக்கு. அந்தக் கணக்கில் சுவாமிமலைக்கு முக்கால் மணி நேரம் கிடைத்தாலே அதிகம். படி ஏறி, கும்பிட்டு, இறங்கி, வேனில் உட்கார்ந்தால் சரி.

நான் பிறந்து வளர்ந்தது பக்கத்துத் திருவலஞ்சுழியில். வெளியூர் ஆட்களை அழைத்துப் போய் இந்தப் பக்கத்து ஊர்களைக் காட்டுவதுதான் என் வேலை. யார் கேட்டாலும் நான் சொல்வது இதுதான்: சுவாமிமலைக்கு ஒரு முழு நாளைக் கொடுங்கள். வயலும் வாய்க்காலுமாகக் கிடக்கிற இந்தப் படுகையில் மண்ணையும் கல்லையும் கொண்டு ஒரு மலை கட்டி, அதன் மேல் முருகனை வைத்திருக்கிறார்கள். அதே ஊரில், ஆற்று மண்ணைப் பூசிச் சாமி வார்க்கிற வேலை இன்றைக்கும் நடக்கிறது. இரண்டையும் சேர்த்துப் பார்த்தால்தான் ஊரைப் பார்த்ததாக அர்த்தம். பட்டறையைப் பார்க்காமல் திரும்புகிறவர்களைக் கண்டால் எனக்கு உண்மையிலேயே வருத்தமாக இருக்கும்.

முடிந்தால் முதல் நாள் தஞ்சாவூரில் தங்குங்கள். அரண்மனைக் கலைக்கூடத்தில் திருவெண்காட்டிலிருந்து வந்த ரிஷபவாகனர் நிற்கிறார், 1011ஆம் ஆண்டைச் சேர்ந்த செப்புத் திருமேனி. பாம்பைத் தலைப்பாகை மாதிரி சுற்றிக்கொண்டு, ஒரு காலை மடித்து, பக்கத்தில் காளை நிற்பதுபோல அதன் மேல் கையைப் போட்ட பாவனை. காளை இப்போது இல்லை, ஆனால் அந்தக் கை எங்கே ஊன்றியிருந்தது என்பது பார்த்தவுடன் தெரிகிறது. அந்த விரல்களை நன்றாக மனதில் வாங்கிக்கொள்ளுங்கள். மறுநாள் பட்டறையில் ஒருவர் மெழுகில் விரல் பிடித்துக்கொண்டிருப்பார், அப்போது உங்களுக்கு நூறு கேள்வி வரும்.

எப்போது வருவது? தை, மாசி மிக நல்லது. ஐப்பசி கார்த்திகை மழையில் மண் பூசிய அச்சு காயாது, வார்ப்பு தள்ளிப் போய்க்கொண்டே இருக்கும். அக்னி நட்சத்திரத்தில் உலை பக்கம் நிற்பது வயதானவர்களுக்கு ஆகாது. கிருத்திகை, தைப்பூசம், கந்தசஷ்டி நாட்களில் கோயிலுக்காக மட்டும் வாருங்கள். அன்றைக்கு ஊர் முழுக்கக் கூட்டம், பட்டறைக்காரர்களிடம் நிதானமாகப் பேச வாய்க்காது.

வழிகாட்டியாக யாரைப் பிடிப்பது என்பதில் அவசரப்படாதீர்கள். ஸ்தல புராணம் மனப்பாடமாகச் சொல்ல நிறையப் பேர் உண்டு. நீங்கள் கேட்க வேண்டியது ஒரே கேள்வி: "இந்த வாரம் எந்தப் பட்டறையில் வார்ப்பு?" சிலை வார்க்கிற ஸ்தபதிகளோடு உண்மையிலேயே பழக்கம் உள்ளவர் போனை எடுத்து விசாரித்துவிட்டுப் பதில் சொல்வார். "தினமும் எங்கேயாவது நடக்கும், வாங்க" என்கிறவரை விட்டுவிடுங்கள். வார்ப்பு தினசரி வேலை கிடையாது. அச்சுகள் சேர்ந்து, காய்ந்து, நாள் பார்த்துத்தான் உலை மூட்டுவார்கள். கூலியை வண்டி ஏறும் முன்பே பேசிவிடுங்கள். சிலை வாங்கும் எண்ணம் இல்லை என்றால் அதையும் அப்போதே சொல்லிவிடுங்கள். நல்ல வழிகாட்டி அதற்காக முகம் மாற மாட்டார். ஒரே கடைக்குத்தான் கூட்டிப் போவேன் என்று பிடிவாதம் பிடித்தால் அங்கே கமிஷன் இருக்கிறது என்று அர்த்தம்.

கும்பகோணத்திலிருந்து டவுன் பஸ் இருக்கிறது. தஞ்சாவூரிலிருந்து பாசஞ்சர் ரயிலில் வந்தால் சுவாமிமலை ஸ்டேஷனில் இறங்கி ஆட்டோ பிடிக்கலாம், கோயில் சற்றுத் தள்ளி. எப்படி வந்தாலும் காலை ஏழு மணிக்குள் சன்னதித் தெருவில் இருங்கள். இந்த ஊரின் நேரக் கணக்கு எளிது. உச்சிக்காலம் முடிந்து பன்னிரண்டு மணி வாக்கில் நடை சாத்தினால் மாலை நாலு மணிக்குத்தான் திறக்கும். பட்டறையோ காலை ஒன்பதரைக்கு மேல்தான் சூடு பிடிக்கும். அதனால் கோயில் முதலில், பட்டறை பிறகு. இதை மாற்றிப் போட்டால் பகல் முழுக்கச் சாத்திய கதவுக்கு முன்னால் உட்கார்ந்திருக்க வேண்டியதுதான்.

கீழே மீனாட்சி சுந்தரேசுவரர் சன்னதி. படி ஏற முடியாத பெரியவர்களை அங்கே நிழலில் உட்கார வைத்துவிட்டு மற்றவர்கள் ஏறலாம். மேலே போக 60 படி, பிரபவ முதல் அட்சய வரை ஒவ்வொன்றுக்கும் ஒரு தமிழ் ஆண்டின் பெயர். குழந்தைகள் இருந்தால் அவரவர் பிறந்த ஆண்டைக் கண்டுபிடிக்கச் சொல்லுங்கள். 1987 சித்திரையில் தொடங்கியது பிரபவ, அங்கிருந்து எண்ணினால் போதும். 1990 ஆடியில் பிறந்தவருக்குப் பிரமோதூத, நாலாவது. சித்திரைக்கு முன் பிறந்தவர்கள் ஒரு வருஷம் பின்னால் போக வேண்டும். அட்சய வரை போய்த் திரும்பவும் பிரபவ என்று சுற்று தொடங்குவதால், தாத்தாவுக்கும் பேரனுக்கும் ஒரே படி அமைவது உண்டு. அப்படி அமைந்தால் இரண்டு பேரையும் அதில் நிற்க வைத்து ஒரு போட்டோ எடுக்காமல் நான் விட்டதில்லை.

மேலே சுவாமிநாதன். அப்பனுக்குப் பிரணவத்தின் பொருளைச் சொல்லிக் கொடுத்த பிள்ளை, தகப்பன்சாமி. சன்னதிக்கு முன்னால் மயிலைத் தேடாதீர்கள், இங்கே யானைதான் நிற்கிறது. இந்திரன் கொடுத்த ஐராவதம் என்பார்கள். வழிபாடு முடிந்ததும் உடனே இறங்காமல் பிராகாரத்தில் கொஞ்சம் நில்லுங்கள். காவிரிக் கரைத் தென்னை, அதற்கப்பால் பச்சை, நடுநடுவே வாழைத் தோப்பு. பட்டறையில் பார்க்கப் போகிற மண் அந்தக் கரையிலிருந்து வந்ததுதான்.

டிபன் சாப்பிட்டுவிட்டுப் பட்டறைக்குக் கிளம்புங்கள். பருத்தி உடுப்பு போட்டுக்கொள்ளுங்கள், நைலான் வேண்டாம். காலை மூடிய செருப்பு அல்லது ஷூ. ஸ்தபதிகள் வெறுங்காலோடு நடப்பதைப் பார்த்து நீங்களும் கழற்றாதீர்கள், அவர்கள் காலுக்குப் பழக்கம் இருக்கிறது. உள்ளே நுழையும்போது அவர் வேலையில் இருந்தால் வாசலிலேயே நில்லுங்கள். வணக்கம் சொல்லி, "ஐயா, கொஞ்ச நேரம் உட்கார்ந்து பார்க்கலாமா?" என்று கேட்டால் மறுத்தவரை நான் பார்த்ததில்லை. போட்டோவுக்கும் அப்படியே கேட்டுவிட்டு எடுங்கள்.

வேலையை வரிசையாகப் பாருங்கள். முதலில் மெழுகு. தேன்மெழுகும் குங்கிலியமும் கடலை எண்ணெயும் காய்ச்சி, துணியில் வடிகட்டி, தண்ணீரில் விட்டு இறுக வைத்த கலவை. தேன்மெழுகு மட்டும் இருந்தால் கைச்சூட்டிலேயே குழைந்துவிடும், குங்கிலியம்தான் அதற்கு உறுதி. அளவுக்கு டேப் கிடையாது. தென்னை ஓலையை உருவத்தின் உயரத்துக்கு நறுக்கி, மடித்து மடித்துப் பாகம் பிரிப்பார்கள். நெற்றி எத்தனை, மூக்கு எத்தனை, தொப்புள் வரை எத்தனை, எல்லாம் அந்த ஓலையில் இருக்கிறது. உருவத்துக்கு உருவம் மாறுகிற இந்த அளவு முறைக்குத் தாலம் என்று பெயர். பெரிய தெய்வங்களுக்கு உத்தம தசதாலம், அதாவது உச்சி முதல் பாதம் வரை 124 பாகம். பிள்ளையாருக்குப் பஞ்சதாலம், அதனால்தான் அவர் குட்டையாகவும் தொந்தியாகவும் அமைகிறார். வெட்கப்படாமல், "இது எந்தத் தாலம்ங்க?" என்று கேளுங்கள். அந்த ஒரு கேள்விக்கு வேலையைக் கீழே வைத்துவிட்டு ஓலையை மடித்துக் காட்டிய ஸ்தபதிகள் உண்டு.

அடுத்தது மண். இதற்காகத்தான் இந்த ஊரே. காவிரியின் வண்டல் மாவு போல நைசானது. மெழுகில் இருக்கிற நகக்கண், மணி, பூணூல் இழை வரை ஒன்று விடாமல் பிடித்துக்கொள்ளும். முதல் பூச்சு மெல்லியதாக அந்த வண்டல். நிழலில்தான் காய வைப்பார்கள், வெயிலில் வைத்தால் உள்ளே மெழுகு இளகி உருவம் கெடும். அப்புறம் வயல் களிமண்ணும் மணலும் கலந்த கனமான பூச்சு. பெரிய சிலையானால் மேலே இரும்புக் கம்பி கட்டிவிடுவார்கள். கையில் எடுத்துப் பார்க்க ஒரு துளி வண்டல் கேளுங்கள், தருவார்கள். விரலில் தேய்த்தால் மணல் நெருடவே நெருடாது.

வார்ப்பு நாள் வாய்த்தால் உங்கள் யோகம். வறட்டி அடுக்கி அச்சைச் சுடுவார்கள். மெழுகு உருகி வழிந்து வெளியேறும், உள்ளே சாமியின் வடிவத்தில் வெற்றிடம் நிற்கும். அச்சைக் குழியில் வாய் மேலே தெரியப் புதைத்து, மூசையில், அதாவது உலோகம் உருக்குகிற கலத்தில், உருகிய உலோகத்தை நூல் பிடித்தாற்போல் நிறுத்தாமல் ஊற்ற வேண்டும். நடுவில் கை நின்றால் அந்த இடத்தில் ஒட்டு விழும். அச்சில் ஈரம் இருந்தால் நீராவி உலோகத்தைத் தூக்கி எறியும். அதனால் அந்த நேரத்தில் யாரும் பேச மாட்டார்கள், நீங்களும் பேசாதீர்கள். குழந்தைகளின் கையைப் பிடித்துக்கொண்டு சொன்ன இடத்தில் நில்லுங்கள். மெழுகின் எடையைப் போல எட்டு ஒன்பது மடங்கு உலோகம் தேவைப்படும், அதை வைத்துத்தான் செம்பும் மற்றதும் நிறுத்து வைப்பார்கள்.

ஆறியதும் அச்சை உடைத்துவிடுவார்கள். ஆக, ஒரு அச்சுக்கு ஒரு சிலைதான். இரண்டாவது வேண்டுமென்றால் மெழுகிலிருந்து மறுபடி தொடங்க வேண்டும். அதற்குப் பிறகுதான் உளியும் அரமும். பார்க்கிறவர்கள் வார்ப்பை மட்டும் அதிசயமாகப் பேசுகிறார்கள். எனக்கோ இந்தச் செதுக்கு வேலைதான் உயிர். நாள் கணக்கில், சில சமயம் மாதக் கணக்கில் போகும். கண் திறப்பது கடைசியில். 2023இல் டெல்லி பாரத மண்டபத்துக்கு முன்னால் நிறுத்திய 27 அடி நடராஜர், 18 டன் எடை, இந்த ஊர் ஸ்தபதிகள் இதே மெழுகு முறையில் செய்ததுதான். லாரியில் ஏறி டெல்லி வரை போனார்.

ஒரு மணிக்கு மேல் பட்டறையில் சாப்பாட்டுக்குக் கலைவார்கள், நீங்களும் இலைச் சாப்பாடு எங்கே நன்றாக இருக்கும் என்று அவர்களையே கேட்டுப் போங்கள்.

வாங்குவதாக இருந்தால் சாப்பாட்டுக்குப் பிறகு நிதானமாக வாங்குங்கள். முன்பக்கத்தைப் பார்த்து மயங்காமல் சிலையைத் திருப்பி முதுகைப் பாருங்கள். பின்னல், அரைஞாண், முடிச்சு எல்லாம் முதுகிலும் முன்போலவே தெளிவாக இருந்தால் கைவேலை. விரல்கள் ஒன்றோடு ஒன்று ஒட்டிக்கொண்டு, முதுகு மொழுமொழுவென்று இருந்தால் மொத்தமாக அச்சில் போட்டு எடுத்த பித்தளைச் சரக்கு. அதுவும் பூஜைக்கு ஆகும், ஆனால் அதற்கு ஏற்ற விலைதான் கொடுக்க வேண்டும். ஐம்பொன் என்றால் செம்புதான் பெரும்பங்கு, தங்கமும் வெள்ளியும் பேருக்குத்தான். தங்கத்தைச் சொல்லி விலை ஏற்றினால் கேட்காதீர்கள். நேர்மையான ஸ்தபதி எடை எவ்வளவு, கூலி எவ்வளவு என்று பிரித்தே சொல்வார். பில்லில் உருவம், உயரம், எடை, செய்த வருஷம் எல்லாம் எழுதி வாங்குங்கள்.

வெளிநாட்டில் இருக்கிற பிள்ளைகளுக்கு வாங்குகிறவர்கள் இதைக் கட்டாயம் கவனிக்க வேண்டும். 1972ஆம் ஆண்டுச் சட்டப்படி நூறு வருஷத்துக்கு மேற்பட்ட சிலையை நாட்டை விட்டுக் கொண்டுபோக முடியாது. புதுச் சிலைக்கே பழைய நிறம் ஏற்றித் தருகிற வழக்கம் இங்கே உண்டு என்பதால், விமான நிலையத்தில் பார்த்தவுடன் சந்தேகம் வரும். இது தொல்பொருள் அல்ல என்று இந்தியத் தொல்லியல் துறை சான்று தரும். ஏற்றுமதிக்குப் பழக்கப்பட்ட பட்டறைகள் அதை வாங்கித் தந்து, மரப்பெட்டியில் கட்டி அனுப்பியும் விடுவார்கள். அதற்கு நாள் ஆகும், கையோடு தூக்கிக்கொண்டு விமானம் ஏறலாம் என்று திட்டம் போடாதீர்கள்.

நாலு மணிக்கு மேல் திருவலஞ்சுழி. ஆட்டோவில் கொஞ்ச நேரம்தான். என் ஊர் என்பதற்காகச் சொல்லவில்லை, பட்டறையைப் பார்த்த கண்ணோடு பார்க்க வேண்டிய கோயில் இது. வெள்ளை விநாயகர் கடல் நுரையால் ஆனவர் என்பது ஐதீகம். அபிஷேகம் கிடையாது, பச்சைக் கற்பூரப் பொடி தூவுவதுதான். அவர் சன்னதிக்கு முன்னால் கல்லில் ஒரு பலகணி, துளை துளையாகச் செதுக்கிய சாளரம். பழைய காலத்துக் கல்தச்சர்கள் கோயில் வேலைக்கு ஒப்பந்தம் எழுதும்போது, ஆவுடையார்கோயில் கொடுங்கை, தஞ்சாவூர்க் கோபுரம், திருவலஞ்சுழிப் பலகணி போன்றவை நீங்கலாக மற்றதெல்லாம் செய்து தருகிறோம் என்று எழுதுவார்களாம். அந்தப் பலகணி இதுதான். வெளிச்சம் இருக்கும்போதே போனால்தான் துளைகளின் வேலைப்பாடு தெரியும், ஆகவே சுவாமிமலையில் நாலரைக்கு மேல் தங்காதீர்கள்.

தாராசுரத்தையும் அதே மாலையில் சேர்த்துவிடலாமா என்று கேட்பார்கள். வேண்டாம். இரண்டாம் ராஜராஜன் கட்டிய அந்தக் கோயிலில் நாயன்மார் கதைகளைச் சாண் அளவுச் சிற்பங்களாகச் சுவரைச் சுற்றி வைத்திருக்கிறார்கள். குனிந்து, ஒவ்வொன்றாக, காலை வெயிலில் பார்க்க வேண்டியவை. அதற்கு மறுநாள் காலையை ஒதுக்குங்கள். திருவலஞ்சுழியிலிருந்து மெயின் ரோட்டுக்கு நடந்து வந்தால் கும்பகோணம் பஸ்ஸும் தஞ்சாவூர் பஸ்ஸும் கிடைக்கும். கும்பகோணத்தில் ரூம் போட்டிருந்தால் ஏழு மணிக்குள் போய்ச் சேர்ந்துவிடலாம்.