எதிர்க்கடையை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தவர்கள்: முதல் இணையக் கடைகள் செய்த தவறுகள்

1997 மே மாதம், அப்போது இணையப் புத்தகக் கடையாக இருந்த அமேசான் அமெரிக்கப் பங்குச் சந்தைக்கு வந்தது. ஒரு பங்கு 18 டாலர். அதே மாதம் நாட்டின் மிகப் பெரிய புத்தகக் கடைச் சங்கிலியான பார்ன்ஸ் அண்ட் நோபிள் தானும் இணையத்தில் கடை திறந்தது. 'உலகின் மிகப் பெரிய புத்தகக் கடை' என்று அமேசான் சொல்லிக்கொள்வது பொய் என வழக்கும் போட்டது. சின்னக் கடை இனி தப்பிக்காது என்று பலரும் முடிவு கட்டிவிட்டார்கள். ஆனால் அடுத்த நான்கு ஆண்டுகளில் மூடப்பட்ட இணையக் கடைகளின் கதையைப் பார்த்தால், பெரும்பாலானவற்றை எதிர்க்கடை சாய்க்கவில்லை. கிடங்கும் அனுப்பும் செலவும் கைக்காசும்தான் சாய்த்தன. போட்டியாளரை மட்டும் கவனித்துவிட்டு இவற்றை விட்டுவிடுவதுதான் முதல் தவறு, பெரிய தவறும் அதுதான்.

சரக்கு எங்கிருந்து வருகிறது என்பதை எடுத்துக்கொள்வோம். தொடக்கத்தில் அமேசான் தன் கிடங்கில் மிகக் குறைந்த புத்தகங்களையே வைத்திருந்தது. ஆர்டர் வந்த பிறகு மொத்த வியாபாரியிடம் வாங்கி அனுப்புவதுதான் வழக்கம். 1996இல் அதன் கொள்முதலில் பாதிக்கு மேல் இன்கிராம் என்ற ஒரே நிறுவனத்திடமிருந்து வந்தது. பணத்தை முடக்காமல் இலட்சக்கணக்கான தலைப்புகளை விற்க இது அருமையான வழி. ஆபத்தும் அதிலேயே இருந்தது. 1998 நவம்பரில் அந்த இன்கிராமின் புத்தகப் பிரிவையே 600 மில்லியன் டாலருக்கு வாங்கப்போவதாக பார்ன்ஸ் அண்ட் நோபிள் அறிவித்தது. யோசித்துப் பாருங்கள்: உங்களுக்குச் சரக்கு கொடுப்பவர் நாளை உங்கள் போட்டியாளரின் கையில். நீங்கள் எதை, எவ்வளவு வாங்குகிறீர்கள் என்பது முழுக்க அவருக்குத் தெரியும். அரசின் போட்டிக் கண்காணிப்பு அமைப்பு எதிர்க்கும் என்று தெரிந்ததும் 1999 ஜூனில் அந்த முயற்சி கைவிடப்பட்டது. அமேசானோ 1997 இறுதியிலேயே டெலவேரில் இரண்டாவது கிடங்கைத் திறந்து, பதிப்பகங்களிடம் நேராக வாங்குவதையும் கூட்டத் தொடங்கியிருந்தது. ஒரே இடத்தில் சரக்கு எடுப்பவர்கள் அது தடைபடும் நாள்வரை காத்திருக்காமல் மாற்று வழியைப் பழகிக்கொள்ள வேண்டும் என்று நான் சொல்வது இதனால்தான்.

அடுத்தது, ஆர்டருக்கு ஆர்டர் நட்டப்பட்டுக்கொண்டே வளர்வது. செல்லப்பிராணிகளுக்கான பொருள்களை இணையத்தில் விற்ற பெட்ஸ்.காம் நாய் உணவு மூட்டைகளைப் போட்டிக்காக அடக்க விலைக்கும் கீழே விற்றது. மூட்டையோ கனமானது, அனுப்பும் செலவு சரக்கின் விலையையே தொட்டது. இப்படி இருக்கும்போது விளம்பரம் நன்றாக வேலை செய்தால் நட்டம்தான் வேகமாகக் கூடும். 2000 பிப்ரவரியில் பங்கு வெளியிட்டுப் பணம் திரட்டிய நிறுவனம் அதே ஆண்டு நவம்பரில் மூடப்பட்டது. விற்பனை பெருகினால் எல்லாம் சரியாகிவிடும் என்பது சில செலவுகளுக்குத்தான் பொருந்தும். மென்பொருள் செலவு ஆர்டர்களில் பங்கிடப்பட்டுக் குறையும். மூட்டையைச் சுமந்துபோகும் செலவு அவ்வளவு எளிதில் குறையாது.

வெப்வேன் செய்தது வேறு தவறு. 1999இல் ஒரு நகரப் பகுதியில் மளிகை டெலிவரியைத் தொடங்கியது. அங்கே கணக்கு நேராகிறதா என்று பார்ப்பதற்குள், நாடு முழுக்கத் தானியங்கிக் கிடங்குகள் கட்ட பெக்டெல் என்ற கட்டுமான நிறுவனத்தோடு சுமார் 1 பில்லியன் டாலருக்கு ஒப்பந்தம் போட்டுவிட்டது. பெரிய கிடங்கு நிறைய ஆர்டர் வந்தால்தான் மலிவு. வராவிட்டால் தினமும் பணத்தை விழுங்கும். 2001 ஜூலையில் கதவடைத்தது. சுமார் 2,000 பேர் வேலை இழந்தார்கள். மக்களுக்கு அந்தச் சேவை பிடிக்கவில்லை என்று சொல்ல முடியாது. அது என்னை இன்றும் வருத்துகிறது. ஓர் ஊரில் பொறுமையாக நிரூபித்திருந்தால் கதை மாறியிருக்கக்கூடும்.

பண்டிகைக் காலத்தை நம்பியிருக்கும் கடைகளுக்கு இரண்டு பக்கமும் அடி. 1999 கிறிஸ்துமஸில் வாக்குக் கொடுத்த நாளில் பொருளை அனுப்பாததற்காக ஏழு இணைய விற்பனையாளர்கள் 1.5 மில்லியன் டாலர் அபராதம் கட்ட நேர்ந்தது. மறு ஆண்டு பொம்மைக் கடையான ஈடாய்ஸ் கிடங்கும் ஆட்களும் தயாராக நின்றது. ஆனால் விற்பனை கணித்ததில் ஏறக்குறைய பாதிதான். 2001 மார்ச்சில் திவால். லண்டனின் ஆடைக் கடையான பூ.காம் (Boo.com) பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை: வாடிக்கையாளர்களிடம் மெதுவான தொலைபேசி இணைப்பு இருந்த காலத்தில் கனமான பக்கங்களோடு கடை திறந்து, ஆறே மாதத்தில் முடிந்துபோனது.

கடைசியாகப் பணச் சுழற்சி. இதில் ஏமாறுவது மிக எளிது. வாடிக்கையாளர் உடனே அட்டையில் பணம் கட்டுகிறார். சரக்கு கொடுத்தவருக்கு நாம் பல வாரம் கழித்துக் கொடுக்கிறோம். விற்பனை வளரும்வரை கையில் காசு புரளும். வளர்ச்சி நின்றதும் பழைய பில்கள் எல்லாம் வந்து நிற்கும், புதுக் காசு வராது. டிசம்பரில் பெட்டி நிறைந்திருப்பதைப் பார்த்து அதைத் தன் பணம் என்று நினைப்பவர் பிப்ரவரியில் திணறுவார். 2000 ஜூனில் லேமன் பிரதர்ஸ் என்ற முதலீட்டு வங்கியின் கடன்பத்திர ஆய்வாளர் ரவி சூரியா அமேசானைப் பற்றி எழுப்பிய கேள்வியும் இதைச் சுற்றித்தான்: கையிருப்பு தீர்ந்துவிடும் என்றார். அந்த ஆண்டு அமேசானின் நட்டம் 1.4 பில்லியன் டாலர். ஆகவே அந்தக் கேள்வியை வீண் பயம் என்று தள்ள முடியாது. காப்பாற்றியதில் பெரும்பங்கு, பிப்ரவரியிலேயே ஐரோப்பாவில் கடன்பத்திரம் வெளியிட்டுத் திரட்டிய 690 மில்லியன் யூரோவுக்கு உண்டு. மார்ச்சில் தொழில்நுட்ப நிறுவனங்கள் நிறைந்த அமெரிக்கப் பங்குச் சந்தைக் குறியீடான நாஸ்டாக் உச்சம் தொட்டுச் சரியத் தொடங்கியது. அதன்பின் இத்தகைய கடைகளுக்குப் பணம் தர ஆள் கிடைப்பது அரிதாகிவிட்டது. அந்தப் பணத்தோடு செலவையும் குறைத்துத்தான் 2001இன் கடைசிக் காலாண்டில் அமேசான் முதல் முறையாக லாபம் காட்டியது. அது சுமார் 5 மில்லியன் டாலர்.