என்பிஏ ஷெட்யூல் பார்ப்பதில் புதியவர்கள் செய்யும் தவறுகள்

அமெரிக்கக் கூடைப்பந்து லீக்கான என்பிஏவைக் காலையில் ஒன்றாக உட்கார்ந்து பார்க்கும் எங்கள் கூட்டத்துக்குப் புதிதாக வந்து சேர்ந்த கோயம்புத்தூர் தம்பி போன வாரம் போனை நீட்டினான். "ண்ணா, பிப்ரவரி பூரா எனக்கு சான் அன்டோனியோல ஆன்சைட். வெம்பன்யாமாவ நேர்ல பாத்துட்டுத்தான் திரும்பி வருவேன்." வெம்பன்யாமா சான் அன்டோனியோவின் ஸ்பர்ஸ் அணி நட்சத்திரம். தம்பி கல்லூரிக் கூடைப்பந்து அணியில் பாயின்ட் கார்டாக ஆடியவன். ஆட்டம் நன்றாகத் தெரியும், ஷெட்யூல் படிக்கத் தெரியாது. ஒரு காலத்தில் நானும் இதே லட்சணத்தில்தான் இருந்தேன். அவன் விஷயத்துக்குப் பிறகு வருகிறேன்.

பெங்களூரு அல்சூர் ஏரிக்குப் பக்கத்தில் ஒரு நண்பரின் மாடி அறை. ஏழெட்டுப் பேர், ஒரு புரொஜெக்டர், ஃபிளாஸ்கில் காபி. கீழே குடியிருக்கும் வீட்டுக்கார அம்மாவுக்குக் கேட்காமல் கைதட்டப் பழகியிருக்கிறோம். ஆகஸ்டில் ஷெட்யூல் வெளியானதும் உட்கார்ந்து எந்தக் காலை எழ வேண்டும், எந்தக் காலை தூங்கலாம் என்று குறித்து வைப்பது என் வேலை. அமெரிக்க நேரத்தை நம் நேரமாக மாற்ற மறப்பதைப் பற்றியெல்லாம் இங்கே எழுதப் போவதில்லை. அதைப் போனே மாற்றிக் கொடுத்துவிடும். போன் சொல்லித் தராதவற்றை மட்டும் எழுதுகிறேன்.

ரவுண்டு எங்கே என்று தேடுவது

ஐபிஎல்லும் ஐரோப்பியக் கால்பந்தும் பார்த்து வளர்ந்தவர்கள் "இந்த வார மேட்ச் எது?" என்று கேட்பார்கள். எல்லா அணிகளும் ஒருமுறை ஆடி முடிக்கும் ரவுண்டு என்பிஏவில் இல்லை. 30 அணிகள், அணிக்கு 82 ஆட்டம், மொத்தம் 1,230. அக்டோபர் பிற்பகுதியில் தொடங்கி ஏப்ரல் நடுவில் முடிந்தாக வேண்டும். ஓர் இரவில் 13 ஆட்டம் நடக்கும், மறுநாள் மூன்று. ஒரே வாரத்தில் ஓர் அணி இரண்டு முறை ஆடும், இன்னொன்று நான்கு முறை ஆடும்.

யார் யாரோடு எத்தனை முறை என்பதற்கு மட்டும் ஒழுங்கான கணக்கு உண்டு. அணிகளைக் கிழக்கு, மேற்கு என்று 15 அணிகள் கொண்ட இரண்டு கான்ஃபரன்ஸாகவும், ஒவ்வொன்றையும் ஐந்து அணிகள் கொண்ட மூன்று டிவிஷனாகவும் பிரித்திருக்கிறார்கள். சொந்த டிவிஷனின் நான்கு அணிகளோடு தலா 4 ஆட்டம். அதே கான்ஃபரன்ஸில் வேறு ஆறு அணிகளோடு தலா 4, மீதி நான்கோடு தலா 3. எதிர் கான்ஃபரன்ஸின் 15 அணிகளோடு தலா 2. கூட்டிப் பாருங்கள், 82 வரும். எதிரெதிர் கான்ஃபரன்ஸில் இருக்கும் லேக்கர்ஸும் செல்டிக்ஸும் சீசனில் இரண்டே முறைதான் மோதுகின்றன என்று வருத்தப்படுபவர்களுக்கு விடை இதில் இருக்கிறது.

எங்கள் அறையில் ஆளுக்கு 200 ரூபாய் போட்டு, ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுத்து அவர்கள் எடுக்கும் புள்ளிகளை வைத்துப் போட்டியிடும் ஃபேன்டசி லீக் நடத்துகிறோம். புதியவர்கள் பெரிய பெயராகப் பார்த்து எடுப்பார்கள். அந்த வாரம் அந்தப் பெரிய பெயருக்கு இரண்டே ஆட்டம் இருக்கும். நான்கு ஆட்டம் உள்ள சுமாரான ஆளை எடுத்த வேலூர்க்காரர் சத்தமில்லாமல் பணத்தை வாங்கிக்கொண்டு போவார்.

நம் வாரத்தை அவர்கள் வாரத்தின் மேல் வைப்பது

அங்கே புதன் இரவும் வெள்ளி இரவும் கனமானவை. அதாவது நமக்கு வியாழன் காலையும் சனிக்கிழமை காலையும். வியாழன் இரவு பெரும்பாலும் மெலிந்து கிடக்கும். 2024-25 வரை வியாழன் டிஎன்டி தொலைக்காட்சியின் இரவு. நாடு முழுக்க அந்த ஆட்டங்களையே பார்க்க வேண்டும் என்பதால் மற்ற அணிகளை அன்று அதிகம் ஆட விடவில்லை. 2025-26 முதல் 11 ஆண்டுகளுக்குப் புது ஒளிபரப்பு ஒப்பந்தம், மதிப்பு சுமார் 7,600 கோடி டாலர். திங்கள் பீகாக், செவ்வாய் என்பிசி, புதன் இஎஸ்பிஎன் என்று நாட்களைப் பங்கு போட்டுக்கொண்டார்கள். வியாழன் அமேசானுக்குப் போனது, ஆனால் ஜனவரி முதல்தான். அதுவரை அந்த இரவு அமெரிக்கக் கால்பந்துக்கு. என்பிசியின் ஞாயிறு இரவும் அப்படித்தான், கால்பந்து ஓய்ந்த பிறகே கூடைப்பந்து.

ஞாயிற்றுக்கிழமைதான் நம் ஆட்களை அதிகம் ஏமாற்றும். ஞாயிறு ஆட்டம் என்று போட்டிருந்தால் திங்கள் அதிகாலை என்று பழக்க தோஷத்தில் அலாரம் வைப்பார்கள். நியூயார்க் நேரம் பகல் 1 மணி ஆட்டம் குளிர்காலத்தில் நமக்கு ஞாயிறு இரவே 11.30-க்கு வந்துவிடும். குளிர்காலத்தில் அங்கே பகல் 1.30-க்கு முன்னால் தொடங்கினால் நமக்கும் அதே தேதி, அதற்குப் பின்னால் என்றால் மறுநாள். அங்கே கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்தள்ளி வைத்திருக்கும் மாதங்களில் அது 2.30 ஆகும்.

கடிகாரம் என்றதும் இதையும் சொல்லிவிடுகிறேன். அக்டோபரில் விடிகாலை 5 மணிக்குப் பார்த்த ஆட்டம் நவம்பர் முதல் ஞாயிறுக்குப் பிறகு 6 மணிக்கு வரும். மார்ச் இரண்டாம் ஞாயிறு வந்தால் திரும்பவும் 5. ஃபீனிக்ஸ் ஆட்கள் மட்டும் கடிகாரத்தைத் தொடுவதே இல்லை.

முந்தைய ராத்திரியைப் பார்க்காமல் டிக்கெட் வாங்குவது

இதை எழுதத்தான் உட்கார்ந்தேன்.

பல வருஷங்களுக்கு முன் நியூஜெர்சியில் எனக்கு மூன்று மாத ஆன்சைட். எனக்குப் பிடித்த ஆட்டக்காரர் ஒருவர் பக்கத்து ஊருக்கு ஆட வருகிறார் என்று தெரிந்தது. அணியின் பெயரும் அவர் பெயரும் வேண்டாம், தப்பு முழுக்க என்னுடையது. மறுவிற்பனையில் 280 டாலர் கொடுத்து டிக்கெட் வாங்கினேன். அன்றைய கணக்கில் கிட்டத்தட்ட 20,000 ரூபாய். அதை ஈடுகட்ட இரண்டு வாரம் மதியச் சாப்பாடு பிரெட்டும் தயிரும். மூன்று மணி நேரம் பஸ்ஸில் போய், ஒரு மணி நேரம் முன்னதாகவே இருக்கையில் உட்கார்ந்து, வார்ம்அப்பில் அவரைத் தேடினேன். காணோம். ஆட்டம் தொடங்கும்போது வந்தார். கோட்டு சூட்டு போட்டுக்கொண்டு பெஞ்சின் கடைசியில் உட்கார்ந்து தன் பசங்களுக்குக் கைதட்டிக்கொண்டிருந்தார். நானும் தட்டினேன், வேறென்ன செய்ய?

இன்றைக்கும் எரிச்சல் மூட்டுவது அந்தப் பணம் இல்லை. முந்தைய இரவு அவர் வேறொரு ஊரில் ஓவர்டைம் வரை ஆடினார். அதைக் காலையில் செய்தியில் படித்தேன். படித்துவிட்டு "ஆள் நல்ல ஃபார்மில் இருக்கிறார், இன்றைக்கு நமக்கு யோகம்தான்" என்று சந்தோஷப்பட்டவன் நான். விஷயம் கண்ணெதிரே இருந்தும் அதை நல்ல சகுனமாக எடுத்துக்கொண்டேன்.

அடுத்தடுத்த இரண்டு இரவுகளில் ஓர் அணி ஆடுவதுதான் பேக் டு பேக். நம் ஊர் டோர்னமென்டுகளில் ஐந்து நாளில் ஐந்து ஆட்டம் ஆடுவோம், யாரும் ரெஸ்ட் கேட்பதில்லை. அதனால் நம் பசங்களுக்கு இது பெரிதாகவே தோன்றாது. ஆனால் அங்கே இரவு 10 மணிக்கு ஆட்டம் முடிந்து, குளித்து, பேட்டி கொடுத்து, விமானம் ஏறி அடுத்த ஊரில் இறங்கும்போது மணி இரண்டாகும். மதுரையிலிருந்து ராத்திரி பஸ்ஸில் வந்து சில்க் போர்டில் இறங்கி நேரே ஆபீசுக்குப் போனவர்களுக்கு அந்த உடம்பு எப்படி இருக்கும் என்று தெரியும். அதுவும் முப்பத்தைந்து வயது முழங்கால்களோடு, ஆறு மாதம் ஓயாமல்.

முழுதாக ஒழிக்கவும் முடியாது. சுமார் 175 நாளில் 82 ஆட்டம். நடுவில் பிப்ரவரியில், நட்சத்திரங்கள் மட்டும் ஆடும் ஆல் ஸ்டாருக்காக ஒரு வாரம் போல லீவு. ஆக, ஒன்றுவிட்டு ஒரு நாள் என்று வைத்தாலே மட்டுமட்டாகத்தான் இடம் வரும், கொஞ்சமும் முன்னே பின்னே நகர்த்த முடியாது. 2014-15 சீசனில் அணிக்குச் சராசரியாக 19-க்கும் மேல் பேக் டு பேக் இருந்தது. சீசனை ஒரு வாரம் முன்னதாகத் தொடங்கி, ஐந்து இரவில் நான்கு ஆட்டம் என்ற கொடுமையையும் நீக்கி, 2017-18-ல் அதை 14.4-க்குக் கொண்டுவந்தார்கள். அதற்குப் பிறகும் நிலவரம் ஏறக்குறைய அதுதான்.

பயிற்சியாளர்கள் இதைக் கணக்குப் போட்டே வண்டி ஓட்டுகிறார்கள். 2012 நவம்பர் 29 அன்று மயாமியில் ஆட்டம், அதுவும் நாடு முழுக்க ஒளிபரப்பாகும் வியாழன் இரவு. ஐந்து இரவில் அது சான் அன்டோனியோ ஸ்பர்ஸுக்கு நான்காவது ஆட்டம். டங்கன், பார்க்கர், ஜினோபிலி, டேனி கிரீன் நால்வரையும் பயிற்சியாளர் பாப்பவிச் முன்கூட்டியே விமானமேற்றி வீட்டுக்கு அனுப்பிவிட்டார். லீக்கை நடத்திய அன்றைய கமிஷனர் டேவிட் ஸ்டெர்ன் போட்ட அபராதம் 2,50,000 டாலர். 2018-19-ல் டொரான்டோவுக்கு ஆடிய கவாய் லெனர்ட் எந்த பேக் டு பேக்கிலும் இரண்டு இரவும் சேர்ந்தாற்போல் இறங்கியதே இல்லை. ரெகுலர் சீசனில் 60 ஆட்டம் மட்டும் ஆடி, கடைசியில் கோப்பையோடு போனார். அதற்கப்புறம் யார் யாரைத் தடுப்பது?

2023-24-ல் விதி வந்தது. முந்தைய மூன்று சீசன்களில் ஆல் ஸ்டார் ஆட்டத்திலோ, சீசனின் சிறந்தவர்களைக் கொண்டு அறிவிக்கும் ஆல் என்பிஏ அணியிலோ இடம் பெற்றவர் ஸ்டார் என்று கணக்கு. காயம் இல்லாத இரண்டு ஸ்டார்களை ஒரே ஆட்டத்தில் உட்கார வைக்கக்கூடாது. தேசிய ஒளிபரப்பு ஆட்டங்களுக்கும், சீசன் நடுவே நடக்கும் என்பிஏ கோப்பை ஆட்டங்களுக்கும் ஸ்டார்கள் வந்தாக வேண்டும். சீசனின் சிறந்த ஆட்டக்காரருக்கான எம்விபி போன்ற விருதுகள் வேண்டுமென்றால் பொதுவாக 65 ஆட்டமாவது ஆடியிருக்க வேண்டும். இதனால் நிலைமை கொஞ்சம் தேவலை. ஆனால் வயதானவர்களுக்கும் பழைய காயக்காரர்களுக்கும் பேக் டு பேக்கில் விலக்கு உண்டு, நாம் பணம் கொடுத்துப் பார்க்கப் போவதும் பெரும்பாலும் அவர்களைத்தான்.

அதனால் ஓர் ஆட்டத்தைத் தனியாகப் பார்க்காதீர்கள். அந்த அணியின் முந்தைய ஐந்து இரவுகளையும் அடுத்த இரவையும் வரிசையாக எழுதுங்கள், பக்கத்தில் ஊரையும் எழுதுங்கள். நேற்று ஆட்டம் இருந்ததா? நாளை இருக்கிறதா? நாளைய ஆட்டம் தேசிய ஒளிபரப்பு என்றால் இன்றைய ஆட்டத்தில்தான் ரெஸ்ட் கொடுப்பார்கள். ஆக, பேக் டு பேக்கின் முதல் இரவும் முழுப் பாதுகாப்பு இல்லை.

இங்கிருந்து பார்ப்பவர்களுக்கு இன்னொரு வசதி உண்டு. யார் ஆடுவார், யார் ஆடமாட்டார் என்ற காயப் பட்டியலை அணிகள் ஆட்டத்துக்கு முந்தைய நாள் மாலை 5 மணிக்குள் கொடுக்க வேண்டும். பேக் டு பேக்கின் இரண்டாம் இரவு என்றால் ஆட்ட நாளன்று பகல் 1 மணிக்குள். கிழக்குக் கரையில் பகல் 1 என்றால் நமக்குக் குளிர்காலத்தில் இரவு 11.30. படுக்கும் முன் ஒருமுறை பார்த்துவிட்டு அலாரம் வையுங்கள். இதைச் செய்யாமல் ஜனவரிக் குளிரில் எலெக்ட்ரானிக் சிட்டியிலிருந்து பைக்கில் வந்து, யாருக்காக வந்தாரோ அவர் ஆடாத ஆட்டத்தைப் பார்த்துவிட்டு நேரே ஷிப்டுக்குப் போனவர்கள் எங்கள் அறையில் மூன்று பேர். நான் சொல்லியும் கேட்கவில்லை, அந்தக் கடுப்பு வேறு.

80 ஆட்டம்தானே இருக்கிறது என்று பதறுவது

ஆகஸ்ட் ஷெட்யூலில் அணிக்கு 80 தான் வரும். மீதி இரண்டை டிசம்பரில் என்பிஏ கோப்பை முடிவு செய்யும். அந்தக் கோப்பையின் இறுதி ஆட்டம் 82-இல் சேராது, அதில் எடுத்த புள்ளிகள் ஃபேன்டசியிலும் வராது.

கிறிஸ்துமஸ் அன்று லீவு என்று நினைப்பது

ஐந்து ஆட்டம். முதலாவது நமக்கு இரவு 10.30-க்கு. லீவு முந்தைய நாள்தான்.

அக்டோபர் ஆரம்ப ஆட்டங்களைக் கணக்கில் சேர்ப்பது

அவை சீசனுக்கு முந்தைய பயிற்சி ஆட்டங்கள். 2019 அக்டோபர் 4, 5 தேதிகளில் மும்பையில் இண்டியானா பேசர்ஸும் சாக்ரமென்டோ கிங்ஸும் ஆடியதும் அந்த வகைதான். இங்கிருந்து ரயிலேறிப் போய்ப் பார்த்தோம். நம் நாட்டில் தூக்கம் கெடாமல் நான் பார்த்த என்பிஏ ஆட்டம் என்றால் அதுதான்.

ஏழாவது ஆட்டத்துக்கு முன்கூட்டியே லீவு போடுவது

சீசன் முடிந்து வரும் பிளேஆஃபில் ஏழு ஆட்டத் தொடர் முன்னதாகவே முடிந்துவிடலாம், அதனால் தேவைப்பட்டால் மட்டுமே என்று பக்கத்தில் ஒரு குறி இருக்கும். அதைப் படியுங்கள்.

அரங்கம் அணியினுடையது மட்டும் என்று நினைப்பது

ஷெட்யூல் போடுபவர்களை அதிகம் படுத்துவது அரங்கங்கள்தான். நியூயார்க் மேடிசன் ஸ்கொயர் கார்டனில் நிக்ஸோடு ரேஞ்சர்ஸ் ஐஸ் ஹாக்கி அணியும் இருக்கிறது, நடுவில் கச்சேரிகள் வேறு. லாஸ் ஏஞ்சலஸில் லேக்கர்ஸ், கிளிப்பர்ஸ், கிங்ஸ் ஹாக்கி அணி என்று மூன்று குடித்தனம் ஒரே கூரையின் கீழ் காலம் தள்ளின. 2024-ல்தான் கிளிப்பர்ஸ் இங்கிள்வுட்டில் சொந்த வீடு கட்டிக்கொண்டு போனது. கிராமி விருது விழா அங்கே நடக்கும் நாட்களில் லேக்கர்ஸ் மூட்டை கட்டிக்கொண்டு வெளியூர் கிளம்பிவிடும். எந்தெந்த தேதிகளில் அரங்கம் காலி என்று ஒவ்வோர் அணியும் முதலில் பட்டியல் கொடுக்க வேண்டும், மற்றதெல்லாம் அதற்கப்புறம். அதனால்தான் ஓர் அணி பத்து நாள் ஊரிலேயே இருக்கும், அப்புறம் இரண்டு வாரம் கண்ணில் படாது.

இதில் பெயர் போனது சான் அன்டோனியோ. ஒவ்வொரு பிப்ரவரியிலும் ஸ்பர்ஸின் அரங்கத்தில் மண் கொட்டி ரோடியோ நடத்துவார்கள். குதிரை, காளை, கயிறு, கால்நடைச் சந்தை எல்லாம் உண்டு. மாதத்தின் பெரும்பகுதி அணி வெளியூரில் சுற்றும். அதற்கு ரோடியோ ரோடு டிரிப் என்றே பெயர். நடுவில் ஆல் ஸ்டார் லீவும் வந்து சேரும்.

தம்பிக்கு இதைத்தான் சொன்னேன். சரி, ஆன்சைட்டை மார்ச்சுக்குத் தள்ளிப் போட முடியுமா என்று மேனேஜரைக் கேள் என்றேன். தலையாட்டிவிட்டுப் போனவன் ராத்திரி பதினொரு மணிக்குக் கூப்பிட்டான்.

"ண்ணா, மேனேஜர் முடியாதுன்ட்டாருங்க. ஏனுங்ண்ணா, அந்த மாட்டுக்காச்சும் டிக்கெட் கெடைக்குங்களா?"