70-க்குள் நிற்கிறதா? கடை விளம்பர எஸ்எம்எஸ்ஸில் காசு கரையும் இடங்கள்

2019 தீபாவளிக்கு எட்டு நாள் இருந்த சனிக்கிழமை. தி.நகரில் ஒரு துணிக்கடைக்கு நான்தான் விளம்பர எஸ்எம்எஸ் அனுப்பிக் கொடுத்துக்கொண்டிருந்தேன். பட்டியலில் 12,000 எண்கள், கையில் 15,000 கிரெடிட், அதாவது முன்பணம் கட்டி வாங்கி வைத்த எஸ்எம்எஸ் எண்ணிக்கை. ஆங்கிலத்தில் 148 எழுத்து வரும் செய்தி. 160-க்குள் இருக்கிறது, ஆளுக்கு ஒரு கிரெடிட் போதும் என்று கணக்குப் போட்டு வைத்திருந்தேன். அனுப்புவதற்குப் பத்து நிமிடம் முன்னால் கடைக்காரர் போனில் கூப்பிட்டார். "ஆர்எஸ்னு போடாதீங்க தம்பி, ரூபாய் சிம்பல் போடுங்க, பார்க்க நல்லா இருக்கும்."

போட்டேன். 'Rs.' என்று மூன்று எழுத்து இருந்த இடத்தில் ஒரே குறி. செய்தி 146 ஆகக் குறைந்துதான் இருந்தது. ஆனால் 5,000 பேருக்குப் போனதும் கிரெடிட் தீர்ந்து நின்றுவிட்டது. ஆளுக்கு மூன்று கிரெடிட் கழிந்திருந்தது. கிரெடிட் விற்பவரின் அலுவலகம் திங்கட்கிழமைதான் திறக்கும். ரங்கநாதன் தெருவில் கால் வைக்க இடமில்லாத அந்த ஞாயிற்றுக்கிழமை, மீதி 7,000 பேருக்கு எங்கள் கடையிலிருந்து ஒரு வார்த்தையும் போகவில்லை.

எங்கே பிசகியது என்று அன்றைக்கு எனக்குத் தெரியவில்லை. தெரிந்துகொண்டதை இங்கே விளக்கமாகச் சொல்கிறேன். இதே தவறைச் செய்யும் கடைகளை இன்றைக்கும் வாரத்துக்கு ஒன்றாவது பார்க்கிறேன்.

ஒரு எஸ்எம்எஸ்ஸின் கொள்ளளவு 140 பைட், அதாவது 1,120 பிட். ஆங்கில எழுத்துகள், எண்கள், வழக்கமான நிறுத்தக்குறிகள் கொண்ட ஒரு அட்டவணை இருக்கிறது. அதில் உள்ள எழுத்து ஒவ்வொன்றுக்கும் 7 பிட் போதும். 1,120-ஐ ஏழால் வகுத்தால் 160. நமக்கெல்லாம் தெரிந்த அந்த 160 இப்படித்தான் வந்தது. அட்டவணையில் இல்லாத ஒரே ஒரு குறி உள்ளே வந்தாலும் முழுச் செய்தியும் எழுத்துக்கு 16 பிட் பிடிக்கும் முறைக்கு மாறிவிடும். அப்போது கொள்ளளவு 70. முதல் எஸ்எம்எஸ் போனது 1992 டிசம்பரில். நம் ரூபாய்க் குறி 2010-இல்தான் அறிவிக்கப்பட்டது. அந்தப் பழைய அட்டவணையில் பவுண்டும் யென்னும் உண்டு, நம் ₹ கிடையாது, தமிழ் எழுத்துகளும் கிடையாது.

இன்னொரு விஷயம். செய்தி 160-ஐயோ 70-ஐயோ தாண்டினால் துண்டு துண்டாகப் பிரிந்து போகிறது. அந்தத் துண்டுகளை ஒட்டிக் காட்ட போனுக்குக் குறிப்பு வேண்டும். அதற்காக ஒவ்வொரு துண்டிலும் 6 பைட் போய்விடும். அதனால் நீளச் செய்தியில் ஒரு துண்டுக்கு ஆங்கிலத்தில் 153, தமிழிலோ ₹ போன்ற குறி கலந்தாலோ 67 தான். 146 எழுத்தை 67-ஆல் வகுத்துப் பாருங்கள், மூன்று துண்டு. படிப்பவர் போனில் ஒரே செய்தியாக ஒட்டி வருவதால் கடைக்காரருக்கு இது கண்ணில் படுவதே இல்லை. பில்லில்தான் தெரியும்.

₹ மட்டும் இல்லை. வேர்டிலிருந்தோ வாட்ஸ்அப்பிலிருந்தோ காப்பி செய்து ஒட்டும்போது வளைந்த மேற்கோள் குறிகள், நீளமான கோடு இவையும் கூடவே வந்துவிடும். நேரான மேற்கோள் குறி அட்டவணையில் இருக்கிறது, வளைந்தது இல்லை. இமோஜி ஒன்றுக்குக் குறைந்தபட்சம் இரண்டு இடம் போகும் என்று எடுத்துக்கொள்ளுங்கள். அகல்விளக்குப் படம் இரண்டு, தேசியக்கொடி நான்கு. ஆங்கிலச் செய்தியை முதலில் நோட்பேடில் ஒட்டி, சந்தேகமான குறிகளை அங்கேயே கையால் திருத்தி, அப்புறம் பேனலுக்கு, அதாவது எஸ்எம்எஸ் அனுப்பும் இணையப் பக்கத்துக்குக் கொண்டுபோவது என் வழக்கம்.

தமிழில் அனுப்புகிறவர்கள் அதிகம் ஏமாறும் இடம் வேறு. பள்ளிக்கூடத்தில் கற்ற கணக்குப்படி 'தீபாவளி' நான்கு எழுத்து. நெட்வொர்க்குக்கு அது ஏழு: த, ஈகாரக் குறி, ப, கால், வ, ள, இகரக் குறி. உயிர்மெய்யில் துணைக்குறி தனி இடம் பிடிக்கும், மெய்யெழுத்தின் புள்ளியும் தனி இடம் பிடிக்கும். 'சென்னை' நமக்கு மூன்று எழுத்து, அங்கே ஆறு.

'அன்பார்ந்த வாடிக்கையாளர்களே' என்று தொடங்காத கடைச் செய்தி அபூர்வம். எண்ணிப் பார்த்தேன். இடைவெளியையும் சேர்த்து 27 இடம். 70-இல் 27! கடை எது, சரக்கு எது, தள்ளுபடி எவ்வளவு, எதுவுமே இன்னும் சொல்லவில்லை. மரியாதை வேண்டாம் என்று சொல்லவில்லை. போனைத் திறக்கும் அம்மாவுக்கு முதல் வரியில் விஷயம் தெரிவதும் மரியாதைதான். 'வாழ்த்துக்கள்' என்று எழுதினால் 13, 'வாழ்த்துகள்' என்றால் 11. க் வேண்டுமா வேண்டாமா என்று தமிழாசிரியர்கள் நெடுநாளாகச் சொல்லி வருவதற்கு இங்கே இரண்டு இடம் லாபமும் கிடைக்கிறது.

சுருக்கினால் எப்படி இருக்கும் என்று ஒன்று காட்டுகிறேன்.

ஆடித் தள்ளுபடி: பட்டுப் புடவை 20%. ஜூலை 31 வரை.

புள்ளி, இடைவெளி எல்லாம் சேர்த்து 47. கடைப் பெயரும் தெருவும் எழுத இன்னும் 23 இடம் பாக்கி இருக்கிறது. புரசைவாக்கத்தில் கடை என்றால் 'புரசை' போதும், சென்னைக்காரர்களுக்கு விளங்கும். இந்த ஒரு வரியை எழுத எனக்கு அரை மணி நேரம் ஆனது. அந்த அரை மணிக்கு என்ன மதிப்பு என்று பார்ப்போம். வாடிக்கையாளர் 8,000 பேர், ஒரு துண்டுக்கு 20 பைசா என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரே துண்டு என்றால் ரூ.1,600, அதற்கு 18 சதவீதம் ஜிஎஸ்டி சேர்த்தால் ரூ.1,888. அதே விஷயத்தை வாழ்த்தும் வர்ணனையுமாக 210 இடத்துக்கு நீட்டினால் நான்கு துண்டு, ரூ.7,552. பொங்கல், சித்திரை, அட்சய திருதியை, ஆடி, நவராத்திரி, தீபாவளி என்று ஆண்டுக்கு ஆறு முறை அனுப்பினால் வித்தியாசம் ரூ.33,984. ஒரு சின்னக் கடையில் விற்பனைப் பெண்கள் சிலருக்கு போனஸாகப் போயிருக்க வேண்டிய காசு அது.

செலவைக் குறைக்கத் தமிழை ஆங்கில எழுத்தில் அடித்து அனுப்பும் பழக்கம் நிறைய இருக்கிறது. 160 இடம் கிடைக்கும், உண்மைதான். எனக்கு அதில் உடன்பாடில்லை. அதை எழுத்துக் கூட்டிப் படிக்க வேண்டும். புடவை வாங்கும் முடிவை எடுக்கும் ஐம்பது வயதுப் பெண்கள் பலர் அந்தச் சிரமத்துக்குப் போகாமல் அழித்துவிடுகிறார்கள். என் அனுபவத்தில் தமிழில் சுருக்கமாக எழுதிய 70, ஆங்கில எழுத்தில் இழுத்த 160-ஐவிட அதிகம் பேரைக் கடைக்கு அழைத்து வந்திருக்கிறது. காசுக்காகத் தமிழை விட வேண்டியதில்லை, எண்ணி எழுதினால் போதும்.

பெயர் போட்டு அனுப்பும்போது இன்னொரு பள்ளம். மாதிரிச் செய்தியில் 'கலா' என்று போட்டுப் பார்த்து, 68 வருகிறது, சரி என்று அனுப்பிவிடுவார்கள். கலாவுக்கு மூன்று இடம். பட்டியலில் அடுத்து வெங்கடசுப்பிரமணியன் இருப்பார், அவருக்கு 19. செய்தி 84 ஆகி இரண்டு துண்டாகிவிடும். சோதிக்கும்போது பட்டியலிலேயே நீளமான பெயரைப் போட்டுச் சோதியுங்கள். அல்லது பெயரே வேண்டாம். தள்ளுபடிச் செய்தியில் தன் பெயர் இல்லையே என்று யாரும் வருத்தப்பட்டு நான் பார்த்ததில்லை.

கண்ணுக்குத் தெரியாத ஒன்றும் இருக்கிறது. 'கொ' என்பதை ஒகரக் குறியாக ஒரே அடியில் உள்ளிடலாம், அல்லது ஒற்றைக்கொம்பும் காலுமாக இரண்டு குறியாகவும் உள்ளிடலாம். திரையில் இரண்டும் ஒன்றுபோலவே தெரியும். இரண்டாவது வகைக்கு ஓர் இடம் அதிகம். பழைய எழுத்துருவில் அச்சகத்தில் அடித்த நோட்டீஸை யூனிகோடுக்கு மாற்றி எடுத்தால் இது நடக்க வாய்ப்பு உண்டு. எண்ணிக்கை கூடுவது மட்டுமல்ல, முன்கூட்டியே பதிந்து வைத்த டெம்ப்ளேட்டோடு, அதாவது மாதிரி வாசகத்தோடு பொருந்தவில்லை என்று செய்தியே திரும்பி வரலாம். பார்க்க அச்சு அசலாக அதே வாக்கியம், ஏன் தள்ளுகிறது என்று மணிக்கணக்கில் மண்டையை உடைத்துக்கொள்வோம். அப்படி ஆனால் போனில் புதிதாக ஒருமுறை அடித்துப் பாருங்கள்.

டெம்ப்ளேட் என்றதும் டிஎல்டி கணக்கைச் சொல்ல வேண்டும். தொலைத்தொடர்பு நிறுவனங்கள் நடத்தும் பதிவுத் தளம்தான் டிஎல்டி. தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் 2018-இல் கொண்டுவந்த விதிமுறைப்படி கடையையும், எந்தப் பெயரில் செய்தி போகிறதோ அந்த ஹெட்டரையும், செய்தியின் வாசகத்தையும் முன்கூட்டியே பதிய வேண்டும். 2021 மார்ச்சில் இந்தப் பொருத்தம் பார்க்கும் ஏற்பாடு தொடங்கிய அன்று ஓடிபிகளே சிக்கிக்கொண்டு, டிராய் அதைத் தற்காலிகமாக நிறுத்தி வைக்க வேண்டி வந்தது. அப்புறம் அது நிலைத்துவிட்டது. இன்றைக்குப் பதிவில்லாத வாசகம் போகாது. கடைகள் செய்யும் தவறு, பதியும்போது நீளத்தைப் பற்றி நினைக்காதது. 'இப்போதைக்குப் பதிந்து வைப்போம், அனுப்பும்போது சுருக்கிக்கொள்ளலாம்' என்பார்கள். அனுப்பும்போது ஒரு சொல்லைக்கூட மாற்ற முடியாது. சுருக்கும் வேலை முழுவதும் பதிவுக்கு முன்பே முடிந்திருக்க வேண்டும். ஆடி, தீபாவளி, பொங்கல் மூன்றுக்கும் பொருந்தும்படி பண்டிகைப் பெயரை மட்டும் மாறும் பகுதியாக, அதாவது அனுப்பும்போது நிரப்பும் வெற்றிடமாக வைத்து ஒரே டெம்ப்ளேட் எழுதினால் வேலை மிச்சம். மாறும் பகுதி ஒவ்வொன்றுக்கும் எழுத்து வரம்பு உண்டு என்பதை மறக்க வேண்டாம்.

செய்தியில் இணைப்பு வைப்பதாக இருந்தால் அதையும் பதிய வேண்டும். 2024 அக்டோபர் 1 முதல் அனுமதிப் பட்டியலில் இல்லாத இணைப்பு இருக்கும் செய்தி தடுக்கப்படுகிறது. தமிழ்ச் செய்தியில் நீளமான இணைப்பு பாதி இடத்தைத் தின்றுவிடும். கடைக்கு நேரில் வரச் சொல்லும் செய்திக்கு இணைப்பு எதற்கு?

பில் போட்டவுடன் போகும் நன்றிச் செய்தியின் வாலில் 'அடுத்த முறை 10% தள்ளுபடி' என்று ஒட்டுவதும் வேண்டாம். சேவைச் செய்தி அப்போது விளம்பரமாகிவிடுகிறது. 2025 பிப்ரவரித் திருத்தத்துக்குப் பிறகு அனுப்புபவர் பெயரின் முடிவில் விளம்பரத்துக்கு ஆங்கிலப் பி, சேவைக்கு எஸ், பரிவர்த்தனைக்கு டி, அரசுச் செய்திக்கு ஜி என்று எழுத்து வருகிறது. வாடிக்கையாளருக்குப் பார்த்தவுடனே தெரியும், தொல்லையாகப் பட்டால் 1909-க்குப் புகார் செய்ய 7 நாள் அவகாசமும் உண்டு.

நீளத்தைச் சரிசெய்த பிறகும் காசு போவது பட்டியலில். ஒரு கடையின் 8,000 எண்களை நான் சலித்தபோது 900-க்கு மேல் பயனில்லாதவை. ஒரே எண் 91 போட்டு ஒருமுறை, 0 போட்டு ஒருமுறை, வெறுமனே ஒருமுறை. 044 தரைவழி எண்கள். எண் தர விருப்பமில்லாத வாடிக்கையாளருக்கு பில் போடும் பிள்ளைகள் 9999999999 என்று அடித்துவிட்டுப் போயிருந்தார்கள். அவர்களைக் குறை சொல்ல முடியாது, எண் இல்லாமல் அந்த மென்பொருள் அடுத்த கட்டத்துக்கு நகரவில்லை. எண் கேட்கும் பெட்டியைக் காலியாக விடவும் வழி செய்யச் சொன்னேன்.

விலை பேசும்போது 'ஒரு எஸ்எம்எஸ் இத்தனை பைசா' என்பதோடு நிறுத்திவிடாதீர்கள். ஜிஎஸ்டி சேர்த்தா, டிஎல்டி கட்டணம் சேர்த்தா, போய்ச் சேராத செய்திக்கும் கழிப்பீர்களா என்று மூன்றையும் கேளுங்கள். டிஎல்டியே வேண்டாம், சாதாரண 10 இலக்க சிம்மிலிருந்து பாதி விலைக்கு அனுப்பித் தருகிறேன் என்று வருகிறவர்களிடம் போகவே வேண்டாம். பிடிபட்டால் முதல் முறை 15 நாள் அனுப்பியவரின் எந்த எண்ணிலிருந்தும் எதுவும் வெளியே போகாது. மறுபடி நடந்தால் அனுப்பியவரின் இணைப்புகள் எல்லாமே ஓராண்டுக்குத் துண்டிக்கப்படும். கடையின் லேண்ட்லைனும் அதில் போகலாம்.

இப்போது எந்தக் கடைக்கு அனுப்பினாலும் மூன்று எண்ணுக்கு முதலில் அனுப்புகிறேன்: என்னுடையது, கடைக்காரருடையது, அவர் அம்மா வைத்திருக்கும் பட்டன் போன். அனுப்புவதற்கு முன் பேனலில் இருக்கும் கிரெடிட்டைத் தாளில் எழுதிக்கொள்வேன், போனபின் மறுபடி பார்ப்பேன். மூன்று குறைந்திருந்தால் பட்டியலை ஏற்றுவேன். ஆறோ ஒன்பதோ குறைந்திருந்தால் அன்றைக்கு அனுப்புவதில்லை. கடைக்காரர் எவ்வளவு அவசரப்படுத்தினாலும், செய்தியை மறுபடி எழுத்தெழுத்தாக எண்ண உட்கார்ந்துவிடுவேன்.