நுண்பாசியிலிருந்து பயோடீசல்: ஆய்வகத்தில் முதல் முயற்சி

கணக்கிலிருந்து தொடங்குவோம். குளோரெல்லா என்பது பச்சை நிற நுண்பாசி. அது நன்றாக வளர்ந்த நீரில் லிட்டருக்கு ஏறத்தாழ 1 கிராம் உலர்ந்த பாசிதான் தேறும். அதில் ஐந்தில் ஒரு பங்கு எண்ணெய் என்று கொண்டால், 20 லிட்டர் கேனிலிருந்து கிடைப்பது 4 கிராம், அதாவது ஒரு தேக்கரண்டி. வண்டி ஓட்ட இது போதாது. ஆனால் எண்ணெய் எங்கே உருவாகிறது, எங்கே வீணாகிறது என்று கற்க இது தாராளம்.

கல்லூரி ஆய்வகத்தில், ஆசிரியர் உடனிருக்கும்போது மட்டும் செய்யுங்கள். எண்ணெயைப் பயோடீசலாக மாற்ற மெத்தனால் என்ற நச்சுத் திரவம் தேவை. 2024 ஜூனில் கள்ளக்குறிச்சியில் சாராயத்தில் கலந்து பல உயிர்களைக் குடித்தது இதே மெத்தனால்தான். கையுறை, பாதுகாப்புக் கண்ணாடி, நச்சு ஆவியை வெளியேற்றும் புகைபோக்கி அடைப்பு (ஃப்யூம் ஹூட்) மூன்றும் கட்டாயம்.

படி 1: வளர்ப்பு. தாவரவியல் துறைகளில் தூய குளோரெல்லா கிடைக்கும். ஸ்பைருலினா எளிதில் கிடைக்கிறதே என்று அதை எடுக்காதீர்கள். அதில் புரதம்தான் மிகுதி, எண்ணெய் சொற்பம். பிஜி-11 ஊடகம் (பாசிக்கான ஊட்டக் கரைசல்), 25 முதல் 30 டிகிரி வெப்பம், ட்யூப்லைட் வெளிச்சம், மீன் தொட்டிக்கான காற்று பம்பு ஆகியவை போதும்.

படி 2: பட்டினி. இதுதான் இந்த வேலையின் உயிர்நாடி. செழிப்பாக வளரும் பாசி எண்ணெயை அதிகம் சேர்ப்பதில்லை. உண்டதை உடனே புதிய செல்களாக்கிவிடுகிறது. நைட்ரஜன் கிடைக்காதபோது புரதம் கட்ட முடியாது. ஆனால் ஒளிச்சேர்க்கை நின்றுவிடுவதில்லை. அதில் கிடைக்கும் கார்பனைத்தான் செல் கொழுப்பாகச் சேமிக்கிறது. எனவே நீர் அடர்பச்சையானதும் பாசியைப் படியவைத்து, நைட்ரஜன் தரும் சோடியம் நைட்ரேட் சேர்க்காத பிஜி-11 ஊடகத்துக்கு மாற்றுங்கள். சில நாட்களில் அடர்பச்சை வெளிறி மஞ்சள் கலந்துவரும். பட்டினியை மிகவும் நீட்டித்தால் எண்ணெய் விகிதம் கூடினாலும் வளர்ச்சி நின்று மொத்த விளைச்சல் குறைந்துவிடும்.

படி 3: அறுவடை. படிகாரக் கரைசலைச் சிறிது சிறிதாகக் கலந்தால் பாசி திரண்டு அடியில் தங்கும். தெளிந்த நீரை வடித்துவிட்டு, மையவிலக்கியில் சுழற்றி, 60 டிகிரியில் உலர்த்திப் பொடியாக்குங்கள். பெரிய அளவில் செய்பவர்களுக்குச் செலவைக் கூட்டும் பெரிய காரணங்களில் ஒன்று இப்படி நீரைப் பிரிப்பதுதான்.

படி 4: எண்ணெய் பிரித்தல். பொடியின் மீது கரைப்பானைத் திரும்பத் திரும்பச் செலுத்தும் சாக்ஸ்லெட் கருவியில், ஹெக்ஸேன் என்ற கரைப்பான் கொண்டு பல மணி நேரம் எண்ணெயைப் பிரித்தெடுங்கள். ஹெக்ஸேன் எளிதில் தீப்பிடிக்கும். அருகில் சுடர் கூடாது. கரைப்பானை ஆவியாக்கினால் கரும்பச்சை எண்ணெய் மிஞ்சும்.

படி 5: எண்ணெயைப் பயோடீசலாக மாற்றுதல். பாசி வளர்ந்துகொண்டிருக்கும்போதே சூரியகாந்தி எண்ணெயில் பழகிக்கொள்ளுங்கள். 100 மில்லி எண்ணெய்க்கு 25 மில்லி மெத்தனால், அந்த மெத்தனாலில் கரைத்த சுமார் 1 கிராம் பொட்டாசியம் ஹைட்ராக்சைடு என்ற காரம். 55 முதல் 60 டிகிரியில் ஒரு மணி நேரம் கலக்கினால் கிளிசரின் அடியிலும் பயோடீசல் மேலும் பிரியும். பாசி எண்ணெய்க்கு இதே முறை பெரும்பாலும் ஒத்துவராது. அதிலுள்ள கட்டற்ற கொழுப்பு அமிலம் காரத்தோடு சேர்ந்து சோப்பாகிவிடும். எனவே காரத்துக்குப் பதிலாகச் சில துளி கந்தக அமிலமும் கூடுதல் மெத்தனாலும் சேர்த்து, மூடிய குழாயில் பல மணி நேரம் சூடாக்குங்கள்.

பிறகு கிடைத்த பயோடீசலை நீரில் கழுவி உலர்த்தி, அதில் 1 மில்லியை 9 மில்லி மெத்தனாலில் விட்டுக் குலுக்குங்கள். முழுதும் கரைந்தால் பயோடீசல்; எண்ணெய்த் துளி அடியில் தங்கினால் மாற்றம் முழுமையடையவில்லை, படி 5-ஐ மீண்டும் செய்ய வேண்டும்.